அவள் ஏன் தொடர்கதை ஆனாள்?

உங்கள் வீட்டில் வேலைக்குப் போகும் மூத்த பெண் ஒருத்தி இருக்கிறாளா? உங்கள் வீட்டில் இல்லையென்றால் அடுத்த வீட்டில் இருப்பாள். விடிவதற்கு முன்பே எழுந்து, தலையை வாரிக்கொண்டு, உணவுப் பொட்டலத்தைப் பையில் வைத்துக்கொண்டு, தொழிற்சாலைப் பேருந்துக்காகச் சாலை முனையில் நிற்பாள். சம்பளம் வந்த மறுநாளே அது வீட்டு வாடகையாகவும், மளிகைக் கடைப் பாக்கியாகவும், தம்பியின் மோட்டார் சைக்கிள் தவணையாகவும் பிரிந்து போய்விடும். "எப்போதம்மா கல்யாணச் சாப்பாடு போடப் போகிறாய்?" என்று யாராவது கேட்டால் அவள் சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவாள். அவளுக்குப் பதிலாக அவள் தாயார் சொல்வார்: "இன்னும் ஒரு வருசம் போகட்டும்." அந்த ஒரு வருசம் தொடங்கி நாலு வருசம் ஆகியிருக்கும்.

இப்படிப்பட்ட ஒரு பெண்ணைத் தமிழ்த் திரையுலகம் நமக்கு 1974-ஆம் ஆண்டில் காட்டியது. அவள் பெயர் கவிதா. படத்தின் பெயர் 'அவள் ஒரு தொடர்கதை'. கே. பாலசந்தர் இயக்கிய படம். அரை நூற்றாண்டு கடந்துவிட்டது. கறுப்பு வெள்ளையில் எடுத்த படம்தான். ஆனாலும் எங்கள் மாக் மண்டின் பக்கத்தில் இன்றும் ஏதாவது ஒரு வீட்டில் அந்தப் படம் ஓடினால், சமையற்கட்டில் இருக்கும் பெண்கள் கையைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்துவிடுகிறார்கள். காதல் ஒரு பக்கமும் குடும்பக் கடமை இன்னொரு பக்கமும் இழுக்கும்போது ஒரு பெண் என்ன ஆகிறாள் என்பதைத்தான் அந்தப் படம் பேசுகிறது. அதைப் பற்றி உங்களோடு சிறிது பேசலாம் என்றுதான் இந்தக் கட்டுரை.

கவிதாவின் வீடு

படத்தைப் பார்க்காத இளைய வாசகர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

கவிதாவாக நடித்தவர் சுஜாதா. அதற்கு முன் மலையாளப் படங்களில் நடித்திருந்தவர். இந்தப் படம்தான் அவரைத் தமிழகம் முழுவதும் அறிய வைத்தது. கவிதா ஓர் அலுவலகத்தில் வேலை செய்கிறாள். அவளுடைய தந்தை குடும்பத்தை விட்டுவிட்டு எங்கோ போய்விட்டார். வீட்டில் தாய், கணவனை இழந்த தங்கை, திருமணமாகாத இன்னொரு தங்கை, பார்வையற்ற தம்பி, குடித்துவிட்டு ஊர் சுற்றும் அண்ணன், அந்த அண்ணனின் மனைவி மக்கள். இத்தனை பேரும் அவள் ஒருத்தியின் சம்பளத்தில் சாப்பிடுகிறார்கள்.

அவளை விரும்பும் ஒருவன் இருக்கிறான். பெயர் திலக். நல்லவன்தான். "குடும்பம் தலையெடுக்கட்டும், அதுவரை பொறுத்திரு" என்று அவள் சொல்கிறாள். அவனும் பொறுத்திருக்கிறான். ஆனால் காத்திருப்பதற்கு ஒரு நாள் குறிக்கப்படவில்லை. கடைசியில் அவன் மனம் அவளுடைய விதவைத் தங்கையிடம் சாய்கிறது. அதை அறிந்த கவிதா அழுது ஆர்ப்பாட்டம் செய்யவில்லை. தங்கைக்கும் அவனுக்கும் தானே முன்னின்று திருமணம் முடித்து வைக்கிறாள்.

பிறகு ஒரு வாய்ப்பு வருகிறது. அவளுடைய மேலதிகாரி அவளை மணக்க விரும்புகிறார். பொறுப்பில்லாத அண்ணனும் ஒருவழியாகத் திருந்தி, "இனிக் குடும்பத்தை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்கிறான். அவளும் மாலைக்குக் கழுத்தை நீட்டச் சம்மதிக்கிறாள். அந்த நேரம் பார்த்து அண்ணன் உயிரிழக்கிறான். வீடு மறுபடியும் அவள் தலையில். தனக்கென்று வந்த மாப்பிள்ளையைத் தன் இன்னொரு தங்கைக்குக் கொடுத்துவிட்டு, கவிதா மறுபடியும் வேலைக்குக் கிளம்புகிறாள். படம் முடிகிறது, அவள் கதை முடியவில்லை. தலைப்பின் பொருள் அப்போதுதான் நமக்குப் புரிகிறது.

இந்தப் படத்தில் கவிதாவை அழுகுணிப் பெண்ணாகக் காட்டவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அவள் வாய் கூர்மையானது. அண்ணனைப் பார்த்து அவள் கேட்கும் கேள்விகள் சுருக்கென்று தைக்கும். வீட்டில் எல்லோருக்கும் அவளிடம் பயம். "இவள் கல் நெஞ்சக்காரி" என்று அவள் காசில் சாப்பிடுகிறவர்களே நினைக்கிறார்கள். நம்மைச் சுற்றியுள்ள மூத்த பெண்களிலும் இப்படிப் பலர் உண்டு. 'வாயாடி' என்று பெயர் வாங்கியிருப்பார்கள். உழைத்து உழைத்து, கேட்பாரில்லாமல் போனதால் வந்த கூர்மை அது என்று நாம் யோசிப்பதில்லை.

பாலசந்தர் சினிமாவுக்கு வருமுன் சென்னையில் ஏ.ஜி. ஆபீஸ் என்று மக்கள் சொல்லும் கணக்குத் தணிக்கை அலுவலகத்தில் வேலை பார்த்தவர். சம்பளத்துக்கு வேலை செய்யும் நடுத்தரக் குடும்பத்து மனிதர்களைப் பக்கத்து நாற்காலியில் பார்த்துப் பழகியவர். எம். எஸ். பெருமாள் எழுதிய கதைக்கு அவர் தந்த உயிர், படத்தை மொழி கடந்து கொண்டுபோனது. தெலுங்கில் 1976-இல் ஜெயப்பிரதாவும், இந்தியில் 1982-இல் ரேகாவும் அதே பாத்திரத்தை ஏற்றார்கள். வங்காளத்திலும் கன்னடத்திலும் கூட எடுத்தார்கள். இந்தப் பெண் எல்லா மொழிக்காரர் வீட்டிலும் இருந்தாள் என்பதற்கு வேறு சாட்சி வேண்டுமா?

நம் பக்கத்துக் கவிதாக்கள்

அந்தப் படம் வந்த காலத்தில் நம் பக்கத்தில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பதைச் சற்று நினைத்துப் பாருங்கள். 1968-ஆம் ஆண்டின் வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தால் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு தேவைப்பட்டது. தோட்டங்களில் அப்படிச் சீட்டு கிடைக்காத பல்லாயிரம் தமிழர்கள் கப்பலேறித் தமிழ்நாட்டுக்குத் திரும்பினார்கள். தங்கியவர்களின் வீடுகளில் வருமானம் சுருங்கியது. பால்மரங்களை வெட்டிச் செம்பனை வைத்ததாலும், தோட்டங்கள் துண்டு துண்டாக விற்கப்பட்டதாலும் பலர் பட்டணத்துப் பக்கம் வர வேண்டியதாயிற்று.

அதே காலத்தில்தான் பினாங்கு மாநிலம் தொழிற்சாலைகளை வரவேற்றது. மாக் மண்டின் தொழிற்பேட்டை 1960-களிலேயே பட்டர்வொர்த்தில் உருவாகிவிட்டது. பினாங்கு மேம்பாட்டுக் கழகம் 1969-இல் அமைந்தது. 1972-இல் தீவின் தென்பகுதியில் பாயான் லெப்பாஸ் சுதந்திர வர்த்தக வட்டாரம் திறக்கப்பட்டு, மின்னணுத் தொழிற்சாலைகள் வரிசையாக வந்தன. நுணுக்கமான வேலைக்கு இளம்பெண்களைத்தான் அவர்கள் தேடினார்கள். மலாய்க் கம்பத்திலிருந்தும், சீனர் வீடுகளிலிருந்தும், நம் தோட்டத்து லயங்களிலிருந்தும் பெண்கள் சீருடை போட்டுக்கொண்டு புறப்பட்டார்கள்.

அதுவரை தோட்டத்துப் பெண்ணும் உழைத்தவள்தான். தாயோடு சேர்ந்து மரம் வெட்டினாள், புல் பிடுங்கினாள். ஆனால் அந்த உழைப்பு குடும்பத்தின் கூட்டு உழைப்பாக இருந்தது. அவள் காசு எது, அப்பா காசு எது என்று பிரித்துப் பார்க்க முடியாது. தொழிற்சாலைக்குப் போன பெண் முதன்முறையாகத் தன் பெயர் எழுதிய சம்பளக் கவரைக் கையில் வாங்கினாள். ஊழியர் சேமநிதியில் அவள் பெயரில் பணம் சேர்ந்தது. சில வீடுகளில் அப்பாவின் நாட்கூலியைவிட அது நிரந்தரமான வருமானமாகவும் இருந்தது.

அங்கேதான் சிக்கல் தொடங்கியது. மகள் திருமணம் ஆகிப் போனால், அந்தக் கவரும் அவளோடு போய்விடுமே! எந்தத் தாயும் இதை வாய்விட்டுச் சொல்வதில்லை. மனத்துக்குள்கூடச் சொல்லிக்கொள்ள மாட்டார். ஆனால் வரும் மாப்பிள்ளைகளில் எல்லாம் ஒரு குறை தெரியும். ஒருவன் கறுப்பு, ஒருவனுக்கு லோரி ஓட்டும் வேலை, இன்னொருவனின் ஜாதகம் சரியில்லை. அவள் தானே ஒருவனை விரும்பினாலோ, கேட்கவே வேண்டாம். "உன்னை நம்பித்தானே இருக்கிறோம், எங்களை நடுத்தெருவில் விட்டுவிட்டா போகப்போகிறாய்?" என்ற ஒரு கேள்வி போதும், அவள் வாயடைத்துப் போவதற்கு.

சொல்லாமல் செய்த தியாகம்

காதலுக்கும் குடும்பத்துக்கும் நடுவே நின்ற பெண்கள் தமிழ்த் திரைக்குப் புதியவர்கள் அல்லர். பெரியவர்கள் பலருக்கு 1959-இல் வந்த 'கல்யாணப் பரிசு' நினைவிருக்கும். ஸ்ரீதர் முதன்முதலாக இயக்கிய படம். ஏ. எம். ராஜா இசையமைத்தது. ஜெமினி கணேசனும் சரோஜாதேவியும் விஜயகுமாரியும் நடித்தது. 'மன்னார் அண்ட் கம்பெனி'யில் வேலை பார்ப்பதாக மனைவியிடம் புளுகித் திரியும் தங்கவேலுவின் நகைச்சுவையை இன்றும் சொல்லிச் சிரிப்பார்கள்.

அதில் வசந்தியும் பாஸ்கரும் ஒருவரையொருவர் விரும்புகிறார்கள். வசந்தியின் அக்காள் கீதா, தனக்கென்று வாழ்க்கை தேடாமல் குடும்பத்துக்கே உழைத்தவள். நோயுற்ற பாஸ்கருக்குப் பணிவிடை செய்யும்போது அவள் மனத்திலும் அவன்மீது அன்பு பிறந்துவிடுகிறது. இது தெரிந்ததும் வசந்தி தன் காதலை மறைத்துவிட்டு, அக்காளையே மணந்துகொள்ளும்படி பாஸ்கரை வற்புறுத்துகிறாள். அவனும் இணங்குகிறான்.

அப்புறம் நடந்தது என்ன? பாஸ்கரால் பழையதை மறக்க முடியவில்லை. கீதாவுக்குக் காரணம் தெரியாமல் சந்தேகம் வருகிறது. தங்கையைக் கடிந்து பேசுகிறாள். வசந்தி வீட்டை விட்டுப் போகிறாள். உண்மை தெரிந்த கீதா மனமுடைந்து இறந்துபோகிறாள். பாஸ்கர் கைக்குழந்தையோடு வசந்தியைத் தேடி வரும்போது அவளுக்கு வேறொருவரோடு திருமணம் முடிந்துவிட்டது. அந்தக் குழந்தையையே கல்யாணப் பரிசாகக் கொடுத்துவிட்டு நடந்து போகிறான். கொட்டகையில் கண்ணீர் விடாதவர்கள் இல்லை.

கண்ணீரைத் துடைத்துவிட்டு ஒரு கேள்வி கேட்டுப் பார்ப்போம். "அக்கா, நானும் அவரும் விரும்புகிறோம்" என்று வசந்தி முதல் நாளிலேயே சொல்லியிருந்தால்? கீதாவுக்குச் சில நாள் வருத்தம் இருந்திருக்கும். தங்கையின் நன்மைக்காக எதையும் செய்யக்கூடிய அந்த அக்காள் அதைத் தாங்கியிருப்பாள். வசந்தி அவளைக் கேட்கவே இல்லை. அக்காளுக்காக என்று தானே முடிவெடுத்துவிட்டாள். வாங்கிக்கொள்கிறவருக்குத் தெரியாமல் கொடுக்கும் தியாகம், பிறகு அவரையே சுட்டுவிடுகிறது.

'கல்யாணப் பரிசு' வசந்தி தானாகவே மறைத்தாள். 'தொடர்கதை' கவிதாவிடம் வீடே எடுத்துக்கொண்டது. இரண்டு படத்திலும் இல்லாமற் போனது ஒன்றுதான். குடும்பத்தார் எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து, உண்மையைப் பேசவில்லை.

கல்கத்தாவிலும் மணிலாவிலும்

இந்தக் கதை தமிழருக்கு மட்டும் உரியதன்று. 1960-இல் ரித்விக் கட்டக் என்னும் வங்காள இயக்குநர் 'மேகே டாக்கா தாரா' என்றொரு படம் எடுத்தார். 'மேகம் மூடிய நட்சத்திரம்' என்று பொருள். நாட்டுப் பிரிவினையால் கிழக்கு வங்காளத்தை விட்டுக் கல்கத்தாவின் ஓரத்தில் குடியேறிய அகதிக் குடும்பம். மூத்த மகள் நீதாவின் சம்பளம்தான் எல்லோருக்கும் சோறு. அவள் விரும்பியவன் அவள் தங்கையை மணந்துகொள்கிறான். நீதாவுக்குக் காசநோய் வருகிறது. மலைப்பகுதி மருத்துவமனையில், தன்னைப் பார்க்க வந்த அண்ணனைக் கட்டிக்கொண்டு, தான் வாழ விரும்பியதைச் சொல்லிக் கதறுகிறாள்.

அந்தப் படத்தில் ஒரு சிறு காட்சி. தொடக்கத்தில் நீதா நடந்து வரும்போது அவளுடைய செருப்பு வார் அறுந்துபோகிறது. புதுச்செருப்பு வாங்கக்கூட அவளிடம் தனக்கென்று காசு இல்லை. முடிவில் அவளுடைய அண்ணன் தெருவில் நிற்கும்போது, அதேபோல வேலைக்குப் போகும் வேறொரு பெண்ணின் செருப்பு அறுகிறது. அவள் குனிந்து பார்த்துவிட்டு, ஒரு சிரிப்புச் சிரித்து, இழுத்துக்கொண்டே நடந்து போகிறாள். ஒரு நீதா போனாள், அடுத்த நீதா வந்துவிட்டாள். பதினான்கு ஆண்டு கழித்துப் பாலசந்தர் தம் படத்துக்குத் 'தொடர்கதை' என்று பெயர் வைத்ததும் இதே நினைவில்தானோ என்று தோன்றுகிறது.

நம் அண்டை நாடான பிலிப்பைன்ஸிலும் இதே போராட்டம் படங்களில் திரும்பத் திரும்ப வரும். 1995-இல் வந்த 'சனா மௌலிட் மூலி' அங்கே பெயர்பெற்ற காதல் படம். ஒலிவியா லமாசன் என்ற பெண்மணி இயக்கியது. அமெரிக்காவில் இருக்கும் தாய் கூப்பிட்டதால், காதலனை மணிலாவில் விட்டுவிட்டுப் போகிறாள் ஒரு பெண். தூரமும் உழைப்பும் இருவரையும் எப்படி மாற்றுகின்றன என்பதுதான் கதை. பிலிப்பினோ மக்களிடம் 'உத்தாங் ந லோஓப்' என்று ஒரு சொல் உண்டு. உள்ளத்தில் சுமக்கும் கடன் என்று அதற்குப் பொருள் கொள்ளலாம். பெற்றவர்களுக்கும் உதவியவர்களுக்கும் ஒருவர் பட்டிருக்கும் நன்றிக்கடன் அது. பணத்தால் தீர்க்க முடியாத கடன் என்பார்கள்.

கடன் என்றால் என்ன?

நம் தமிழிலும் 'கடன்' என்ற சொல் இரண்டு பொருளில் வரும். கடைக்காரரிடம் வாங்கியதும் கடன். செய்ய வேண்டிய கடமையும் கடன். பள்ளியில் இந்தச் சொல்லை விளக்கும்போதெல்லாம் புறநானூற்றில் பொன்முடியார் பாடிய பாட்டு நினைவுக்கு வரும். மகனுக்குரிய கடன் எது என்று சொல்லும் அந்தப் பாட்டு, மகனிடமிருந்து தொடங்கவில்லை. முதலில் தாயின் கடனைச் சொல்கிறது, பிறகு தந்தையின் கடன், அப்புறம் கொல்லனுக்குரியது, வேந்தனுக்குரியது. கடைசியில்தான் பிள்ளையின் முறை வருகிறது.

எவ்வளவு அழகான வரிசை பாருங்கள்! இரண்டாயிரம் ஆண்டு பழமையான தமிழ் மனம், கடமையை ஒருவர் தலையில் மட்டும் ஏற்றவில்லை. ஆளுக்கொரு பங்கு வைத்தது. வீட்டார் பங்கு, ஊரார் பங்கு, அரசன் பங்கு என்று பிரித்துத்தான் பிள்ளையின் பங்கைக் கேட்டது.

இப்போது கவிதாவின் வீட்டைத் திரும்பிப் பாருங்கள். தந்தை தம் பங்கைப் போட்டுவிட்டுப் போய்விட்டார். அண்ணன் தன் பங்கைக் குடித்துவிட்டான். எல்லோர் பங்கும் சேர்ந்து ஒரு பெண்ணின் தோளில் விழுந்தது. அப்போது அது கடமையாக இருக்கவில்லை. தீர்க்கவே முடியாத கடைக்கடனாகிவிட்டது. மாதந்தோறும் வட்டி கட்டினாள், முதல் அப்படியே நின்றது. அவள் தொடர்கதை ஆனதற்குக் காதல் காரணமும் இல்லை, விதி காரணமும் இல்லை. பங்கு பிரிக்காததுதான் காரணம்.

பெற்றோர் பக்கமும் நியாயம் உண்டு

இதைப் படிக்கும் தாய்மார்களில் சிலருக்குக் கோபம் வரலாம். "எங்கள் கஷ்டம் எழுதுகிறவருக்கு என்ன தெரியும்?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. நான் தோட்டப் பள்ளியில் பாடம் சொல்லிக் கொடுக்கிறவள். அந்தக் கஷ்டத்தின் நடுவில்தான் என் வேலையும்.

தோட்டத்தில் வேலை இருக்கும்வரைதான் லயத்து வீடு என்பது தலைமுறை தலைமுறையாக நம்மவர் கண்ட வாழ்க்கை. வேலை முடிந்தால் வீட்டைக் காலி செய்ய வேண்டும். முப்பது நாற்பது வருசம் உழைத்த தகப்பனுக்குச் சொந்தமாக ஒரு கூரை இல்லை. அப்படிப்பட்டவருக்கு, சம்பாதிக்கும் பிள்ளைதான் கூரை. அவளைப் பிடித்துக்கொள்வது பேராசையால் அன்று, பயத்தால். பட்டணத்துக்கு வந்த குடும்பத்துக்கு வாடகை பயம். நாட்டின் குறைந்தபட்சச் சம்பளம் 2025-இல் மாதம் 1,700 வெள்ளியாக உயர்ந்தது. பட்டணத்து வாடகையும் மளிகையும் போக அதில் என்ன மிஞ்சும் என்பது குடும்பம் நடத்தும் உங்களுக்கே தெரியும்.

ஆகவே 'மகள் சம்பாத்தியத்தில் சாப்பிடாதீர்கள்' என்று நான் சொல்லவில்லை. பெற்றவர்களைத் தாங்குவது பிள்ளைகளின் கடன்தான். ஆனால் அந்தக் கடனுக்கு ஓர் அளவும், ஒரு கெடுவும், பங்காளிகளும் வேண்டும். பயத்தைப் பயம் என்று மகளிடம் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். அதை மாப்பிள்ளையின் நிறத்திலும் ஜாதகத்திலும் ஒளித்து வைக்கக்கூடாது.

வீட்டில் செய்யக்கூடியவை

முதலாவது, கணக்கு. மகள் வீட்டுக்குக் கொடுப்பது எவ்வளவு, எதற்குச் செலவாகிறது என்று ஒரு பயிற்சிப் புத்தகத்தில் எழுதி வையுங்கள். அவள் சம்பளத்தில் ஒரு பகுதி, சிறியதானாலும், அவள் பெயரில் வங்கியில் சேரட்டும். கூட்டு கட்டினால் ஒரு கூட்டு அவள் திருமணத்துக்கென்றே இருக்கட்டும். கணக்கு இருக்கும் வீட்டில், 'உனக்காக என்ன செய்துவிட்டேன்' 'எனக்காக என்ன செய்தீர்கள்' என்ற சண்டை குறையும்.

இரண்டாவது, பங்கு. வேலைக்குப் போகும் தம்பி தன் சம்பளத்தைக் கைத்தொலைபேசிக்கும் மோட்டார் சைக்கிளுக்கும் செலவழிக்கிறான். அக்காள் சம்பளம் மட்டும் அரிசி மூட்டைக்குப் போகிறது. 'அவன் ஆண்பிள்ளை, நாளைக்குப் பார்ப்பான்' என்று சொல்லிச் சொல்லித்தான் கவிதாவின் அண்ணன்களை நாம் வளர்க்கிறோம். முதல் மாதச் சம்பளத்திலிருந்தே அவனிடமும் பங்கு வாங்குங்கள். அது அக்காளுக்குச் செய்யும் உதவி மட்டுமன்று. நாளைக்கு அவனுக்கு வரப்போகும் மனைவிக்கும் செய்யும் உதவி.

மூன்றாவது, கெடு. 'இன்னும் ஒரு வருசம்' என்றால் எந்த வருசம்? தம்பி படிப்பை முடிக்கும் மாதமா, வீட்டுக் கடன் தீரும் மாதமா? நாட்காட்டியில் குறியுங்கள். திலக் மனம் மாறியது காத்திருக்க மாட்டாமல் மட்டும் அன்று. எதுவரை காத்திருப்பது என்று அவனுக்கு யாரும் சொல்லாததாலும்தான். நாள் தெரிந்தால் நல்ல மனிதன் காத்திருப்பான். நாள் தெரிந்தும் காத்திருக்காதவன் யார் என்பதும் அப்போது தெரிந்துவிடும்.

நான்காவது, அவள் விரும்பும் மனிதரை வீட்டுக்குக் கூப்பிட்டுப் பேசுங்கள். பேசிப் பார்க்காமலே மறுக்காதீர்கள். திருமணத்துக்குப் பிறகும் மகள் பெற்றோருக்கு மாதம் ஒரு தொகை கொடுப்பாள் என்பதை முன்கூட்டியே மாப்பிள்ளையிடம் சொல்லிவிடலாம். அதை ஏற்கும் மாப்பிள்ளைகள் இன்று எத்தனையோ பேர் இருக்கிறார்கள். திருமணம் ஆனால் மகள் கை நழுவிப் போய்விடுவாள் என்ற பழைய பயத்துக்கு இதுவே மருந்து.

சட்டம் என்ன சொல்கிறது என்பதையும் அறிந்துகொள்ளுங்கள். முஸ்லிம் அல்லாதாரின் திருமணம் பற்றிய 1976-ஆம் ஆண்டுச் சட்டம், 1982 மார்ச் முதல் தேதியிலிருந்து நடைமுறையில் இருக்கிறது. 21 வயது நிரம்பாதவருக்குத் தந்தையின் எழுத்துமூலமான சம்மதம் வேண்டும். தந்தை இல்லையென்றால் தாயின் சம்மதம். 21 நிரம்பிவிட்டால் யாருடைய சம்மதமும் சட்டப்படி தேவையில்லை. கோவிலில் தாலி கட்டினாலும் பதிவு செய்தாக வேண்டும். 30 வயதுப் பெண் உங்கள் சொல்லுக்காகக் காத்திருக்கிறாள் என்றால், சட்டத்துக்குப் பயந்து அன்று. அன்பினால் காத்திருக்கிறாள். அந்த அன்பைக் கொச்சைப்படுத்தாதீர்கள்.

தங்கைகளே, தம்பிகளே!

வேலைக்குப் போகும் என் தங்கைகளுக்கு ஒரு வார்த்தை. வசந்தியைப் போல மனத்தில் பூட்டி வைக்காதீர்கள். விரும்புகிறவர் உண்டென்றால் வீட்டில் ஒருவரிடமாவது, அத்தையிடமோ சின்னம்மாவிடமோ, சொல்லுங்கள். கவிதாவைப் போல எல்லாவற்றையும் நானே சுமப்பேன் என்றும் நிற்காதீர்கள். நீங்கள் சுமக்கச் சுமக்க, சுமக்கப் பழகாத ஒரு கூட்டம் உங்களுக்குப் பின்னால் வளர்கிறது. உங்கள் நன்மையால் அவர்கள் கெட்டுப்போகவும் கூடும்.

காத்திருக்கும் தம்பிகளுக்கும் ஒரு வார்த்தை. 'என்னையா, உன் வீட்டையா?' என்று அவளைக் கேட்காதீர்கள். தன் தாயைக் கைவிட்டு வரும் பெண் உங்கள் தாயை எப்படிப் பார்ப்பாள்? 'உன் வீட்டுக்கு நாம் இருவரும் சேர்ந்து என்ன செய்யலாம்?' என்று கேட்டுப் பாருங்கள். திலக் அந்த ஒரு கேள்வியைக் கேட்டிருந்தால் பாலசந்தருக்குப் படம் எடுக்கக் கதை கிடைத்திருக்காது!

சுஜாதா 2011-இல் மறைந்துவிட்டார். பாலசந்தர் 2014-இல் மறைந்தார். கவிதா மட்டும் இருக்கிறாள். அடுத்த முறை உங்கள் வீட்டில் அந்தப் படம் ஓடும்போது, கவிதாவைப் பார்த்து அழுவதோடு நிறுத்திவிடாதீர்கள். அவளைச் சுற்றி உட்கார்ந்து சாப்பிடுகிறவர்களின் முகங்களையும் கவனியுங்கள். அவர்களில் யாரும் பெரிய கெட்டவர்கள் இல்லை. அம்மா நல்லவர். தங்கைகள் நல்லவர்கள். அண்ணன்கூடக் கடைசியில் திருந்துகிறான். நல்லவர்கள் நிறைந்த ஒரு வீட்டில்தான் ஒரு பெண்ணின் வாழ்க்கை சிறிது சிறிதாகச் செலவாகிப் போனது.

இந்த மாதச் சம்பளம் வீட்டுக்கு வரும்போது, தாய்மார்களே, அந்தக் கவரை வாங்குமுன் மகளிடம் ஒரு கேள்வி கேளுங்கள்: "உனக்கு எவ்வளவு எடுத்து வைத்தாயம்மா?" நாட்காட்டியையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.